விலை பேசித் தீர்க்கலாம்

ஒரு சதம்கூடக் குறைக்கச் சொல்லிக் கேட்கவில்லை. அவன் கதைத்து முடித்துவிட்டான், போன் மட்டும் என் கையில் இன்னும் சூடாக இருக்கிறது. "அக்கா, அந்த வெள்ளைக் கார் இன்னும் நிக்குதோ?" என்று கேட்டான். நிற்கிறது என்றேன். "விளம்பரத்தில போட்ட விலைதானே?" ஓம் என்றேன். அதற்குப் பிறகு அவன் என்ன சொல்ல வேண்டும் என்று எனக்குத் தெரியும். கடைசி விலை என்னக்கா என்று அவன் கேட்க வேண்டும். போனில் என்ன கதை, நேரில் வந்து வாகனத்தைப் பாருங்கோ, பிறகு கதைப்பம் என்று நான் சொல்ல வேண்டும். இந்த இரண்டு பேச்சும் இல்லாமல் இந்த ஊரில் ஒரு சைக்கிள்கூடக் கைமாறியதில்லை. ஆனால் அவன், "சரியக்கா, அந்த விலைக்கே எடுக்கிறன். இப்ப கொடிகாமத்தில இருந்து வெளிக்கிடுறம். வேற ஆருக்கும் குடுத்திடாதேங்கோ" என்றான். என் வாய் பழக்கத்தில், "குடுக்க மாட்டன், ஆறுதலா வாங்கோ" என்று சொல்லிவிட்டது. சொல்லி முடித்த பிறகுதான் அது என் காதில் விழுந்தது. விறாந்தைக் கதிரையில் இருந்தபடி வெளியே பார்க்கிறேன். வீட்டு முகப்பில், போட்டிக்கோவில் கார் நிற்கிறது. மூன்று வருஷமாக விற்பனைக்கு நிற்கிற கார். அதை வாங்க ஒருவன் வருகிறான், கேட்ட விலையைத் தருகிறேன் என்கிறான், இதில் எனக்கு, இந்த யோகாம்பிகைக்கு, நெஞ்சு படபடக்க என்ன இருக்கிறது என்று ஆராவது கேட்கலாம். கேட்க இந்த வீட்டில் ஆரும் இல்லை. காய்ச்சல் விட்ட நாக்கு இன்னும் கசக்கிறது. எழும்பிக் குசினிக்குப் போய்க் கேத்தலில் தண்ணீர் நிரப்புகிறேன், ஏனென்றால் ஆட்கள் வரப்போகிறார்கள் என்றால் என் கை முதலில் செய்வது அதுதான். பிறகு அடுப்பை மூட்டாமல் நிற்கிறேன். ஒரு சதம்கூட.

முதல் தடவை நான் உண்மையாகத்தான் விற்க நினைத்தேன். அதில் ஒரு பொய்யும் இல்லை. மின்சாரக் கந்தோரில் முப்பத்து மூன்று வருஷம் கவுண்டரில் இருந்து விட்டு ஓய்வு பெற்றபோது, கிடைத்த காசில் இந்தக் காரை வாங்கினேன். இருபத்தெட்டு லட்சம். அப்போது என் தங்கச்சி ரொறன்ரோவில் இருந்து போன் எடுத்து, "உனக்கு விசர் பிடிச்சிட்டுதோ அக்கா? கார் எண்டா கடையை விட்டு வெளியில வந்த உடனே விலை விழுகிற சாமான்" என்று பேசினாள். அவள் சொன்னது உலகம் முழுவதும் சரி, எங்கள் நாட்டில் மட்டும் பிழையாகிவிட்டது. வாகன இறக்குமதியை நிறுத்தினார்கள். புதிது வரவில்லை என்றால் பழையதுதானே புதிது. ஒவ்வொரு மாதமும் விலை ஏறியது. நான் ஒன்றும் செய்யவில்லை, வீட்டுக்குள் இருந்தேன், கார் போட்டிக்கோவில் நின்றது, அதன் விலை மட்டும் ஆரோ படியேறிப் போகிற மாதிரி ஏறிக்கொண்டே போனது. முப்பத்தைந்து, நாற்பத்திரண்டு, ஐம்பது. விசர் என்றவள் மறுபடி போன் எடுத்து, "நீ கெட்டிக்காரியடி" என்றாள். அவள் என்னோடு கடைசியாக நிறைய நேரம் கதைத்தது அன்றைக்குத்தான். ஐம்பத்தைந்துக்கு வந்தபோது விளம்பரம் போட்டேன். யப்பான் கார், பெண் ஒருவர் பாவித்தது, குறைந்த ஓட்டம், விலை பேசித் தீர்க்கலாம். அளவெட்டியில் இருந்து ஒரு குடும்பம் வந்தது. தகப்பன், தாய், இரண்டு பிள்ளைகள், ஒரு மாமா, மாமாவுக்குத் தெரிந்த ஒரு மெக்கானிக். மாமா சேட்டைக் கழற்றி வைத்துவிட்டுக் காருக்குக் கீழே போய்க் கிடந்தார். சின்னப் பிள்ளை உள்ளே ஏறிப் பாம் பாம் என்று கோணை அடித்தது. தாய் என் செம்பரத்தையில் இருந்து நடுவதற்கு ஒரு தடி முறித்துத் தரச் சொல்லிக் கேட்டாள். தேத்தண்ணி குடித்தார்கள், அரசியல் கதைத்தார்கள், மெக்கானிக்குக்கும் மாமாவுக்கும் இடையில் ஒரு சண்டை வந்து அதுவாகவே தீர்ந்தது. கடைசியில் ஒரு லட்சம் குறைக்கச் சொன்னார்கள். நான் முடியாது என்றேன். போய்விட்டார்கள். அதற்குப் பிறகு குசினிக்குள் வந்தேன். கழுவுகிற தொட்டியில் ஆறு கோப்பை கிடந்தது. அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஆறு கோப்பை. அடுத்த நாள் விளம்பரத்தைத் திறந்து விலையைக் கொஞ்சம் கூட்டிப் போட்டேன். ஏன் கூட்டினேன் என்று அன்றைக்கு என்னையே நான் கேட்கவில்லை.

விலை என்பது மெல்லிய நூல் மாதிரி. கூடப் போட்டால் ஆரும் போன் எடுக்க மாட்டார்கள். சரியான விலை போட்டால் முதல் வருகிறவன் வாங்கிக்கொண்டு போய்விடுவான். இரண்டுக்கும் நடுவில் ஒரு சின்ன இடம் இருக்கிறது. பேசினால் குறைப்பாள் என்று நம்பி ஆட்கள் வருகிற இடம், வந்த பிறகு குறைக்க முடியாத இடம். ஒரு லட்சம், மிஞ்சினால் ஒன்றரை லட்சம் அகலம். நான் அதற்குள்தான் இருக்கிறேன். அந்த இடம் ஒரே இடத்தில் நிற்பதும் இல்லை. அதனால்தான் நான் சந்தையைப் படிக்கத் தொடங்கினேன். காலையில் சாமி அறையில் விளக்கு வைத்துவிட்டு, போனில் இதே வகைக் கார்களின் விளம்பரங்களைப் பார்ப்பேன். நீர்கொழும்பில் என்ன விலை, குருநாகலில் என்ன விலை, வவுனியாவில் என்ன விலை. டொலர் என்ன, வரி என்ன, அம்பாந்தோட்டையில் வாகனக் கப்பல் வந்ததா. கொழும்பில் ஏறுகிற விலை அடுத்த கிழமை யாழ்ப்பாணத்துக்கு வந்துவிடும். கொழும்பில் இறங்குகிற விலை இங்கே வர ஒரு மாதத்துக்கு மேல் எடுக்கும், ஏனென்றால் இறங்கிவிட்டது என்பதை விற்கிற எவனும் முதலில் நம்ப மாட்டான். இறக்குமதியைத் திரும்பத் திறந்தபோது எல்லோரும் பயந்து விலையை வெட்டினார்கள், நானும் அவர்களோடு சேர்ந்து அளவாக வெட்டினேன். வரி கூட என்பதால் புதுக் கார்கள் நினைத்த விலைக்கு வரவில்லை, பழையவை மெல்ல மெல்லத் திரும்பி ஏறின, நானும் ஏறினேன். வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வி கேட்பார்கள்: ஏன் விக்கிறியள்? அதற்கு என்னிடம் மூன்று பதில் இருக்கிறது. கண்ணில் வெள்ளை படருகிறது. தங்கச்சி கனடாவுக்குக் கூப்பிடுகிறாள். தனியாளுக்கு என்னத்துக்குக் கார். ஆளைப் பார்த்து ஒன்றைச் சொல்லுவேன். ஒருநாள் காலையில் வந்தவர்களுக்குக் கண் என்றும் பின்னேரம் வந்தவர்களுக்குக் கனடா என்றும் சொன்னேன், இரண்டு பக்கமும் என்னைப் பார்த்து இரக்கப்பட்டார்கள், இரண்டு இரக்கமும் நன்றாகத்தான் இருந்தது. கிழமைக்கு ஒரு கூட்டம். சில கிழமை இரண்டு. சுன்னாகத்துக் கடைக்காரர் என் கிணற்றுத் தண்ணியைக் குடித்துப் பார்த்து உப்பில்லை என்றார். பருத்தித்துறையில் இருந்து வந்த புதுத் தம்பதி காருக்குள் ஏறிக் கண்ணாடியை மூடிக்கொண்டு என்னைப் பற்றியோ விலையைப் பற்றியோ கதைத்தார்கள், அவள் சிரித்தாள், வெளியே கேட்கவில்லை. எல்லோரும் ஒரு மணித்தியாலமாவது இருந்துதான் போனார்கள். இவன் ஒரு சதம்கூடக் குறைக்கச் சொல்லவில்லை. அப்படியென்றால் விலையில் என் நடு இடம் பிழையாகிவிட்டது. எங்கே பிழைத்தது?

காய்ச்சல். அதுதான். அடுப்பை மூட்டிவிட்டுக் கதிரைக்குத் திரும்பி வருகிறேன், முழங்கால் இன்னும் எனக்குச் சொந்தமில்லாத மாதிரி நடக்கிறது. போன கிழமை முழுக்கக் காய்ச்சல். சந்தையைப் பார்க்கவில்லை. விளம்பரத்தின் தவணை முடிகிறது என்று போனில் செய்தி வந்தபோது, படுக்கையில் கிடந்தபடி பழைய விலையிலேயே புதுப்பித்துவிட்டேன். அறுபத்திரண்டரை. இப்போது கண்ணாடியைப் போட்டுக்கொண்டு விளம்பரங்களைத் திறக்கிறேன். நீர்கொழும்பு அறுபத்தெட்டு. குருநாகல் அறுபத்தேழரை. வவுனியா அறுபத்தேழு, அதற்குக் கீழே விற்றாகிவிட்டது என்று எழுதியிருக்கிறது. வரி மறுபடி கூடப்போகிறதாம். கூடிவிட்டது என்று ஒருவர், கூடாது என்று ஒருவர், ஆனால் கதை வந்தாலே போதும், விலை கதையைத்தான் கேட்கும். ஐந்து லட்சம் கீழே நிற்கிறேன். இன்று காலையில் இருந்து போன் ஓயாமல் அடித்தது இதற்காகத்தான். எட்டுப் பேர், ஒன்பது பேர். நானோ ஒவ்வொரு அழைப்புக்கும் உள்ளுக்குள் ஒரு சின்னச் சந்தோஷத்தோடு எழும்பினேன், காய்ச்சலுக்குப் பிறகு உலகம் என்னை விசாரிக்கிறது என்ற மாதிரி. அழைத்தவர்கள் விசாரித்தது காரை. எனக்கு அது தெரியாததா? தெரியும். ஆனால் பெற்றோல் வரிசையிலும் எனக்கு அப்படித்தான் இருந்தது. நாடு முழுவதும் பெற்றோல் இல்லாமல் காய்ந்த அந்த நாட்களில் நான் காரோடு வரிசையில் போய் நின்றேன். இரண்டு பகல், ஒரு இரவு. எல்லோரும் திட்டினார்கள், அழுதார்கள். முன்னுக்கு நின்ற வான்காரர் இடியப்பம் வாங்கி எனக்கும் தந்தார். பின்னுக்கு நின்ற டொக்டர் தன் மனைவி பற்றிய கதைகளைச் சொன்னார். ஒரு பெடியன் என் கார்க் கண்ணாடியில் தலை சீவினான். வரிசை நகர்ந்தபோது எல்லோருமாகச் சேர்ந்து ஒவ்வொரு காராகத் தள்ளினோம், என் காரை ஏழு பேர் தள்ளினார்கள். பெற்றோல் அடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்து கேற்றைத் திறந்தபோது எனக்குத் துக்கமாக இருந்தது. இதை நான் ஆரிடம் சொல்ல முடியும்? நாடே பட்ட பாட்டில் நீ சந்தோஷமாக இருந்தாயா என்று செருப்பால் அடிப்பார்கள். கவுண்டரிலும் அப்படித்தான், அந்தச் சின்னத் துவாரத்துக்குள் தலையை விட்டு, எங்கட வீட்டில ஒரு பல்ப்தான் எரியுது இவ்வளவு பில் என்னண்டு வந்தது என்று என்னைப் பேசாத நாள் இல்லை. அப்போது தலையிடி. இப்போது அந்தத் துவாரம் கனவில் வருகிறது. அதில் தலை ஒன்றும் இல்லை, வெளிச்சம் மட்டும்.

காய்ச்சலில் கிடந்தபோது ஒரு கணக்குப் பார்த்தேன். பார்க்கக் கூடாத கணக்கு. நான் இந்தக் கட்டிலில் போய்விட்டால் முதலில் ஆர் கண்டுபிடிப்பது? தங்கச்சி மாதத்தில் ஒருநாள் எடுப்பாள், எடுக்காவிட்டால் வேலையாக இருக்கிறேன் என்று நினைத்துக்கொள்வாள். பக்கத்து வீட்டுக்காரர் வீட்டைப் பூட்டிவிட்டு மகளிடம் கொழும்புக்குப் போய்விட்டார்கள். பேப்பரை நிறுத்திப் பல வருஷம். பால்காரரும் வருவதில்லை, கடையில் வாங்குகிற மாப்பால்தான். அப்படியே ஒவ்வொருவராகத் தள்ளிக்கொண்டு போனால் கடைசியில் மிஞ்சுவது கார் பார்க்க வருகிற ஒருவர்தான். அவர் கேற்றைத் தட்டுவார். போன் எடுப்பார், உள்ளே போன் அடிப்பது அவருக்குக் கேட்கும். மதிலால் எட்டிப் பார்ப்பார், கார் நிற்கும். கார் நிற்கிறது, ஆள் எங்கே என்று நினைப்பார். அந்த நினைப்பில்தான் எனக்குக் காய்ச்சலில் நித்திரை வந்தது, ஆரோ நெற்றியில் கை வைத்த மாதிரி. இப்போது அந்தக் காரைக் கொண்டுபோக ஒருவன் கொடிகாமத்தில் இருந்து வந்துகொண்டிருக்கிறான். போன் எடுத்து விற்றுப்போச்சு தம்பி என்று சொல்லிவிடலாம். விற்றதாகச் சொல்லிவிட்டு நாளைக்கு அறுபத்தெட்டரைக்கு விளம்பரம் போட்டால் அவன் பார்ப்பான். பார்த்தால் என்ன, என்னைத் தூக்கிலா போடுவான்? அல்லது விலை பிழையாகப் பதிந்துவிட்டது என்று உண்மையையே சொல்லலாம். உண்மை. அதைச் சொல்ல வாய் கூசுகிறது, ஏனென்றால் அந்த முதல் தடவையை விட்டால், மூன்று வருஷத்தில் அந்த விளம்பரத்தில் நான் போட்ட விலைகளில் உண்மையான விலை இது ஒன்றுதான். போனைக் கையில் எடுக்கிறேன், வைக்கிறேன். இல்லை, வரட்டும். வந்தால் எப்படியும் குறைக்கச் சொல்லிக் கேட்பார்கள். போனில் கேட்காதவன் நேரில் கேட்பான், கூட வருகிறவர்கள் கேட்க வைப்பார்கள். கேட்டால் போதும். குறைக்க ஏலாது, அப்ப விடுங்கோ என்று சொல்லி எப்போதும் போல அனுப்பிவிடலாம். தேத்தண்ணியும் குடித்துவிட்டுப் போவார்கள். இதை நினைத்ததும் மூச்சு சீராகிறது. ஓட்டோ ஒன்று ஒழுங்கைக்குள் திரும்புகிற சத்தம் கேட்கிறது.

இரண்டு பேர்தான். முப்பது வயது இருக்கக்கூடிய ஒருவன், பெயர் சுதேசன் என்றான். கூட ஒரு பருத்த மனுசி, கையில் பிளாஸ்ரிக் பை, பைக்குள் எலுமிச்சம்பழங்கள் உருளுவது தெரிந்தது. "நான் இவருக்கு மாமி. பொம்பிளையைப் பெத்தவள். துணைக்கு வந்தனான்" என்று சொல்லிக்கொண்டே வந்து கதிரையில் இருந்தாள். அவன் காரைச் சுற்றிப் போனான், ஆனால் பொனட்டைத் திறக்கவில்லை. வருகிறவர்கள் எல்லோரும் முதலில் பொனட்டைத்தான் திறப்பார்கள். "திறந்து பாக்கேல்லையோ தம்பி?" என்றேன். "பாத்தனான் அக்கா. போன வருஷம் அப்பாவோட வந்து பாத்தனான். உங்களுக்கு ஞாபகம் இல்லைப் போல." முகம் ஞாபகம் இல்லை. தகப்பன் என்றதும் வந்தது. வெள்ளைச் சேட்டுப் போட்ட ஒரு கட்டையான மனிதர், காருக்குக் கிட்டவே போகாதவர். விறாந்தையில் இருந்து, சுவரோரம் வரிசையாகப் போட்டிருந்த கதிரைகளைப் பார்த்தார், தட்டில் கவிழ்த்து அடுக்கி வைத்திருந்த கோப்பைகளைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். சீனி வேண்டாம் என்று மட்டும் சொன்னார். மகன் ஐம்பதினாயிரம் குறைக்கச் சொல்லிக் கேட்டான், பிறகு இருபத்தைந்து, பிறகு பத்து. நான் எதற்கும் அசையவில்லை. "வா தம்பி, போவம்" என்று தகப்பன்தான் எழும்பினார். "அப்பா வரேல்லையோ?" என்று கேட்டேன். சுதேசன் சிரித்தான். மனதில் ஒன்றும் வைத்துக்கொள்ளாத சிரிப்பு. "அவர் வரமாட்டன் எண்டிட்டார் அக்கா. போகாதை, அந்த மனுசி விக்கிறதுக்கு விலை சொல்லேல்லை, ஆக்கள் வாறதுக்கு விலை சொல்லுது எண்டார்."

"அவர் அப்பிடித்தான் தங்கச்சி. கோயிலுக்குப் போனாலும் ஐயருக்கு ஏதாவது சொல்லிப்போட்டுத்தான் வருவார்" என்றாள் மாமி.

நான் தேத்தண்ணியைக் கலக்கிக்கொண்டு நின்றேன். சீனி எப்போதோ கரைந்துவிட்டது. கரண்டி சுற்றிக்கொண்டே இருந்தது. ஒருவருக்குத் தெரிந்திருக்கிறது. இவ்வளவு பேர் வந்து போனதில் ஒருவருக்கு, கொடிகாமத்தில் ஏதோ ஒரு வீட்டில் சீனி இல்லாமல் தேத்தண்ணி குடிக்கிற ஒருவருக்கு, ஒரு வருஷமாக என்னைத் தெரிந்திருக்கிறது. வெட்கம் காதுக்கு ஏறியது. அதற்குக் கீழே வெட்கம் இல்லாத வேறொன்றும் இருந்தது. அவர் மறுபடி வந்திருக்கலாம் என்று தோன்றியது. சுதேசன் கதைத்துக்கொண்டிருந்தான். அன்றைக்கு வந்த வானுக்குக் கொடுத்த வாடகை, திரும்பிப் போகும்போது தகப்பன் விட்ட பேச்சு, அதற்குப் பிறகு வவுனியா, மன்னார், புத்தளம் என்று திரிந்தது. "நாங்கள் போறதுக்கிடையில வித்துப் போடுவினம், இல்லாட்டி விலை ஏறிப்போடும். ஒரு வருஷமா ஒராளின்ர காரை வாடகைக்கு எடுத்து, ஆக்களை ஏத்தி ஹயர் ஓடுறன் அக்கா. ஓடுறதில அரைவாசி அவருக்கு. பத்தாயிரத்துக்காக அண்டைக்கு இதை விட்டிட்டுப் போனது எனக்கு விசர்." விசர் அவனுக்கு இல்லை. அவன் கேட்ட பத்தாயிரத்தைக் கொடுத்திருந்தால் அன்றைக்கே கார் போயிருக்கும், அதனால்தான் கொடுக்கவில்லை. வந்து போனவர்கள் எல்லோரும் வந்து போன செலவோடு எங்கோ திரும்பிப் போயிருக்கிறார்கள். வான் வாடகை, விட்ட வேலை, வழி முழுக்கப் பேச்சு. கேற்றைப் பூட்டிய பிறகு அவர்களுக்கு என்ன ஆனது என்று நான் நினைத்ததே இல்லை. கோப்பைகளைத்தான் நினைத்தேன்.

அப்போதுதான் மாமி செருமினாள். "தங்கச்சி, உங்கட விளம்பரத்தில விலை பேசித் தீர்க்கலாம் எண்டு கிடக்கு. அப்ப பேசவேணுமெல்லோ? மருமோன் போனில ஒண்டும் பேசாமல் ஓமெண்டிட்டார். பேசாமல் வாங்கின சாமான் எனக்குச் செமிக்காது. ஒரு இருபத்தையாயிரம் குறையுங்கோ."

"மாமி, சும்மா இருங்கோ!" என்று சுதேசன் எழும்பிவிட்டான். அவன் முகத்தில் இருந்த இரத்தம் எங்கே போனது என்று தெரியவில்லை. அவனுக்குத் தெரியும். அறுபத்தேழு, அறுபத்தெட்டு எல்லாம் தெரிந்துதான் ஓட்டோவை விரட்டிக்கொண்டு வந்திருக்கிறான். எனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டிருக்கிறான். மாமிக்கு மட்டும்தான் ஒன்றும் தெரியாது. நான் காத்திருந்த வாசல் திறந்து கிடக்கிறது. குறைக்க ஏலாது, அப்ப விடுங்கோ. நாலு சொல். சொன்னால் கார் நிற்கும், நாளைக்குப் புது விலை, மற்றக் கிழமை புதுக் கூட்டம். இவன் திரும்பிப் போய்த் தகப்பனுக்குச் சொல்லுவான். அவர் ஒன்றும் சொல்ல மாட்டார், சீனி இல்லாத கோப்பையை எடுத்து ஒரு வாய் குடிப்பார். வாயைத் திறக்கிறேன். "பத்தாயிரம் குறைக்கிறன்" என்றது வாய்.

"பத்தோ? பத்தை வைச்சு என்ன செய்யிறது? இருபது."

"பத்துத்தான்."

"ஓட்டோக்காசே ஐயாயிரம் எடுத்துப்போட்டான் அறுவான். பதினெட்டு."

"நீங்கள் நடந்து வந்திருக்கலாமே."

மாமி வயிறு குலுங்கச் சிரித்தாள். "இந்த உடம்போடயோ? சரி, பதினைஞ்சு. எலுமிச்சம்பழம் என்ர செலவு." சுதேசன் தலையில் கை வைத்துக்கொண்டு படியில் இருந்துவிட்டான். இவ்வளவு காலத்தில் இந்தப் பேச்சில் நான் இறங்கியதே இல்லை, நின்ற இடத்தில் நின்றிருக்கிறேன். ஒவ்வொரு படியாக இறங்குவதில் இப்படி ஒரு ருசி இருக்கிறதென்று ஆரும் எனக்குச் சொல்லவில்லை. பன்னிரண்டு என்றேன். பதினாலு என்றாள். பதின்மூன்று ராசியில்லை என்று இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சொன்னோம். பன்னிரண்டரைக்கு வந்தோம். இன்னும் நீட்டலாம், இருநூறு இருநூறாக நீட்டி இருட்டும் வரைக்கும் கொண்டுபோகலாம் என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே என் வாயில் இருந்து "சரி" என்று வந்துவிட்டது. அது அவ்வளவுதான். பேச்சு முடிந்தது. மாமி உடனே பையோடு எழும்பிவிட்டாள்.

அதற்குப் பிறகு எல்லாம் விரைவாக நடந்தது. சாப்பாட்டு மேசையில் வைத்துக் கையெழுத்துகள். காசு வங்கிக்கு வந்துவிட்டது என்று போனில் செய்தி. மாமி நாலு சில்லுக்கும் எலுமிச்சம்பழம் வைத்தாள், பிறகு முன் சீற்றில் ஏறினாள், ஏறினதும் கத்தினாள். "என்ன தங்கச்சி, இன்னும் பொலித்தீனோட! குந்தினா வழுக்கிக்கொண்டு போகுது." விலை விழக்கூடாது என்று நான் ஒருநாளும் கழற்றாத பொலித்தீனை அவள் ஒரு இழுப்பில் கிழித்தாள். அந்தச் சத்தம் என் பல்லில் கூசியது. சுருட்டி என் கையில் தந்தாள், நானும் வாங்கிக்கொண்டேன். "கொடிகாமம் பக்கம் வந்தா வாங்கோ" என்றாள். கொடிகாமத்தில் எந்த ஒழுங்கை, எந்த வீடு என்று அவள் சொல்லவில்லை, நான் கேட்கவில்லை, அப்படிக் கூப்பிடுவது விலாசம் கேட்பதற்காக அல்ல. சுதேசன் கும்பிட்டான். கார் பழங்களை நசித்துக்கொண்டு பின்னுக்குப் போய், ஒழுங்கையில் திரும்பி, போனது. வாசலில் காத்துக்கொண்டு நின்ற ஓட்டோவும் போனது.

கேற்றின் இரண்டு கதவையும் பூட்டினேன். போட்டிக்கோவில், கார் நின்ற இடத்தில், தூசி படியாத ஒரு நீளச் சதுரம். வீடு முன்னைவிடப் பெரிதாக இருந்தது. மிதிக்க மனம் வராமல் சதுரத்தைச் சுற்றி நடந்து விறாந்தைக்கு வந்தேன். கோப்பை இரண்டுதான், கழுவ நேரமே எடுக்கவில்லை. பொலித்தீனை எங்கே போடுவதென்று தெரியாமல் மடியில் வைத்துக்கொண்டு இருந்தேன், அசைந்தால் அது கதைக்கிற மாதிரிச் சத்தம் போட்டது. போன் அடித்தது. விளம்பரத்தை எடுக்க மறந்துவிட்டேன். "அக்கா, அந்தக் கார்..." "வித்துப் போச்சு தம்பி." "ஆ, சரி." வைத்துவிட்டான். காது வெறுமையாக இருந்தது. ஆருக்கு விற்றீர்கள், என்ன விலைக்கு விற்றீர்கள் என்று ஒரு சொல் கேட்கவில்லை. மறுபடி அடித்தது, ஒரு பெண். "வித்துப் போச்சு பிள்ளை." "சே" என்றாள், அவ்வளவுதான், அந்த 'சே'கூட என்னைப் பார்த்துச் சொன்னதில்லை. விளம்பரத்தை எடுத்துவிட வேண்டும். எங்கே அழுத்துவது என்று எனக்குத் தெரியும், கண்ணை மூடிக்கொண்டே அழுத்துவேன். விரலை அதற்குக் கிட்டக் கொண்டுபோனேன். திரையில் இன்னொரு இலக்கம் வந்தது. வயதான ஒரு ஆண் குரல், பின்னால் பிள்ளைகளின் சத்தம், ஆரோ ஆரையோ அதட்டுகிற சத்தம். "தங்கச்சி, நாங்கள் நெல்லியடி. அந்தக் கார் இன்னும் நிக்குதோ?"

போட்டிக்கோவைப் பார்த்தேன்.

"ஓம், நிக்குது" என்றேன். "எத்தினை பேர் வாறியள்?"